ஃபிரிஸ்கோ இளவரசனுக்கு எடுத்த பாடம்

1. ஹிஸ்டரியா? நைஸ்

டெக்சாஸில் ஒரு கம்யூனிட்டி காலேஜில் ஐரோப்பிய வரலாறு சொல்லிக்கொடுத்து ஓய்வு பெற்றவள் நான். இந்த ஊர்த் தமிழர்களிடம் என் வேலையைச் சொன்னால் முதலில் ஒரு சின்ன அமைதி வரும். பிறகு, "ஓ, ஹிஸ்டரியா? நைஸ்" என்பார்கள். அடுத்த கேள்வி, "சார் எந்தக் கம்பெனி?" என்று என் கணவரைப் பற்றி இருக்கும். அந்தக் கேள்விக்கு நான் இதுவரை கோபப்படாமல் பதில் சொன்னதில்லை.

வேலைக்குச் சேர்ந்த முதல் நாளே மறுமலர்ச்சிக் கால அரசியல் சிந்தனையை என் தலையில் கட்டினார்கள். வேறு யாரும் எடுக்க முன்வராத பாடம் அது. ஐந்நூறு வருடங்களுக்கு முந்தைய இத்தாலி. ஊருக்கு ஊர் ஓர் அரசு, ஒவ்வோர் அரசுக்கும் ஓர் இளவரசன், அவனுக்கு யோசனை சொல்லப் படித்தவர்கள் கூட்டம். மக்கள் அவனை நேசிக்க வேண்டுமா, அவனுக்கு அஞ்ச வேண்டுமா? கொடுத்த வாக்கைக் காப்பாற்றியே ஆக வேண்டுமா? ஒரு சாரார், இளவரசன் நல்லவனாக இருக்க வேண்டும் என்றார்கள். இன்னொரு சாரார், நல்லவனாகத் தெரிந்தால் போதும், முதலில் நாற்காலியைப் பார் என்றார்கள். மூன்றாவதாகச் சிலர், இளவரசனே எதற்கு, ஊரை ஊர்க்காரர்களே ஆண்டுகொள்ளட்டுமே என்றார்கள்.

என் மாணவர்களில் பாதிப் பேர் காலையில் கிடங்கிலும் கடையிலும் வேலை பார்த்துவிட்டு வருகிறவர்கள். இளவரசனை அவர்களுக்கு விளக்க நான் கஷ்டப்படவே இல்லை. எல்லோருக்கும் ஒரு மேனேஜர் இருந்தார்.

2. எல்லோருக்கும் அண்ணா

என் வேலையின் கடைசி வருடங்களில் நடந்தது இது. ரவி என்று ஒருவர் பக்கத்து ஊரான ஃபிரிஸ்கோவில் ஒரு ஐ.டி. கம்பெனி நடத்திவந்தார். ஊரிலிருந்து இன்ஜினியர்களை எச்-ஒன்-பி விசாவில் கூட்டிவந்து பெரிய கம்பெனிகளின் வேலைக்கு அனுப்புகிற தொழில். அந்த ஆபீசில் அவரை யாரும் சார் என்று கூப்பிடக் கூடாது, ரவி என்றும் கூப்பிடக் கூடாது. அண்ணா என்றுதான் கூப்பிட வேண்டும். பொங்கலுக்கு எல்லோரும் குடும்பத்தோடு அவர் வீட்டில் சாப்பிட வேண்டும். சம்பள உயர்வு கேட்கப் போனவன் சாம்பார் சாதம் சாப்பிட்டுவிட்டுத் திரும்பி வருவான். அண்ணாவிடம் எப்படிப் பணம் பேசுவது?

ஒரு கிரகப்பிரவேசத்தில் என்னைப் பிடித்துக்கொண்டார்.

"அக்கா, நம்ம மேனேஜர்ஸுக்கு நீங்க ஒரு லீடர்ஷிப் க்ளாஸ் எடுக்கணும். அந்தக் காலத்து ராஜா, பவர், அதெல்லாம். வீடியோல பாத்தேன், சும்மா மிரட்டலா இருந்துச்சு."

எனக்கும் அவருக்கும் ஒரு உறவும் கிடையாது. அக்கா என்று அவர் சொன்ன தோரணையில், மறுத்தால் நான்தான் மரியாதை தெரியாதவள் என்று ஆகிவிடும். ஒப்புக்கொண்டேன். ஒரு நிபந்தனை மட்டும் போட்டேன்: மூன்று தரப்பையும் சொல்வேன், பாதியில் நிறுத்தக் கூடாது. "கண்டிப்பா அக்கா" என்றார்.

சனிக்கிழமைக் காலைகளில் வகுப்பு. நல்லவனாக இருக்கச் சொன்னவர்களைப் பற்றிப் பேசியபோது ரவி போனை நோண்டிக்கொண்டிருந்தார். நல்லவனாகத் தெரிந்தால் போதும் என்ற தரப்பு வந்ததும் நிமிர்ந்து உட்கார்ந்தார். ஊர்க்காரர்களே ஆள்வது பற்றிய வகுப்புக்கு முன்னால் ஒரு மெசேஜ் வந்தது. அந்த பார்ட் நமக்கு அப்ளை ஆகாது, ஸ்கிப் பண்ணிடலாம் அக்கா என்று.

என் ஸ்லைடுகளையும் அவரே திருத்தி அனுப்பியிருந்தார். அறிஞர்கள் ஒரு நூற்றாண்டுக்கும் மேல் அடித்துக்கொண்ட விவாதத்தை, பயமுறுத்தி ஜெயிப்பது எப்படி என்று ஏழெட்டு வரியில் சுருக்கியிருந்தார். பயம் காட்டலாம் என்று சொன்னவர்கள்கூட மக்களின் வெறுப்பைச் சம்பாதிக்காதே, அவர்கள் உடைமையில் கை வைக்காதே என்று தலையில் அடித்துக்கொண்டு சொல்லியிருக்கிறார்கள். அதைக் காணவில்லை. புளியை எடுத்துவிட்டு ரசம் என்று ஊற்றுகிற வேலை இது. எனக்கு வந்த கோபத்தில் அன்று சமைக்கவே இல்லை.

3. சதுக்கத்தில் ஒரு பிணம்

ஒரு வகுப்பில் அந்தக் காலத்துச் சம்பவம் ஒன்றைச் சொன்னேன். ஓர் இளவரசன் புதிதாக ஒரு சீமையைப் பிடித்தான். அங்கே ஒரே கொள்ளையும் அடிதடியும். கல் நெஞ்சக்காரன் ஒருவனை முழு அதிகாரத்தோடு அனுப்பினான். அவன் போட்ட போட்டில் சீமை அடங்கியது. ஆனால் ஜனங்கள் அவனைச் சபித்தார்கள், அந்தச் சாபம் மெல்ல இளவரசன் பக்கம் திரும்பப் பார்த்தது. ஒருநாள் காலையில் ஊர்ச் சதுக்கத்தில், இளவரசன் உத்தரவுப்படி, அந்த அதிகாரியின் உடல் வெட்டுண்டு கிடந்தது. கொடுமையெல்லாம் அவன் செய்தது, எனக்குச் சம்பந்தமில்லை என்று இளவரசன் கை கழுவிவிட்டான்.

ரவி ஒரே ஒரு கேள்வி கேட்டார். "அதப் பாத்துட்டு ஜனங்க என்ன பண்ணாங்க?"

"வாயடைச்சுப் போனாங்க. திருப்தியும் பட்டாங்கன்னு எழுதி வச்சிருக்காங்க."

"செம அக்கா" என்று போர்டைப் போட்டோ எடுத்துக்கொண்டார்.

பின் வரிசையில் ஒருவர் விழுந்து விழுந்து சிரித்தார். அவர் பெயர் செந்தில், பொள்ளாச்சிக்காரர், ஆபரேஷன்ஸ் மேனேஜர். "அந்த ஆபீசரு பாவமுங்க மேடம், அப்ரைசல்ல நல்ல ரேட்டிங் வரும்னு நெனச்சிருப்பாரு" என்றார். எல்லோரும் சிரித்தார்கள். நானும்தான்.

4. அது இத்தாலிங்க மேடம்

சில மாதங்களில் அந்தக் கம்பெனிக்குப் பெரிய கான்ட்ராக்ட் ஒன்று கைவிட்டுப் போனது. ஆட்குறைப்பு தொடங்கியது. ஒவ்வொருவராகக் கூப்பிட்டுச் செய்தி சொன்னவர் செந்தில். வீட்டிலிருந்து வேலை செய்வதை நிறுத்தியவரும் அவரே. பிள்ளைகளை டேகேரில் விட்டுவிட்டு ஓடிவருகிற அம்மாக்கள் அவர் பெயரைக் கேட்டாலே முகம் சுளித்தார்கள். ரவி அண்ணா அந்தச் சமயத்தில் ஆபீஸ் பக்கமே வரவில்லை.

இந்தியன் மளிகைக் கடையில் செந்திலைப் பார்த்தேன். வாடிப்போயிருந்தார்.

"ஏன் செந்தில் இந்த வேலைய நீங்க ஏத்துக்கிட்டீங்க?"

"என் எச்-ஒன்-பி ஆறாவது வருஷத்துல நிக்குதுங்க மேடம், அதுக்கு மேல கிடையாதுங்க. கம்பெனி போடற கிரீன் கார்டு பேப்பர் ஒரு ஸ்டேஜ் தாண்டலைன்னா ஊருக்குக் கிளம்ப வேண்டியதுதான். பாப்பா இங்கயே பொறந்தவ. அண்ணா சொல்லிட்டாருங்க, இத மட்டும் முடிச்சுக் குடு, உன் பேப்பர் அடுத்த நிமிஷம் போயிரும்னு."

"எழுதிக் குடுத்தாரா?"

அவருக்கு ஒரு மாதிரி ஆகிவிட்டது. "அண்ணாகிட்ட எப்படிங்க எழுதிக் கேக்கறது?"

"நான் க்ளாஸ்ல சொன்ன அந்த ஆபீசர் கதைய மறந்துட்டீங்களா?"

"அது இத்தாலிங்க மேடம்" என்றார், கூடையில் முருங்கைக்காயைப் போட்டுக்கொண்டே. "நம்ம அண்ணா அப்படி இல்லீங்க. என் பொண்ணு காதுகுத்துக்கு மாமன் ஸ்தானத்துல மடியில வச்சு உக்காந்தவருங்க."

ஒரு வேலைக்காரன் முதலாளியை நம்பும்போது கொஞ்சமாவது சந்தேகம் மிச்சம் வைப்பான். தாய்மாமன் ஸ்தானத்தில் உட்கார்ந்தவரை எப்படிச் சந்தேகப்படுவது? வெள்ளைக்கார முதலாளிக்குக் கிடைக்காத வசதி இது. நம்மூர் முதலாளிகளுக்கு நாமே தட்டில் வைத்துக் கொடுக்கிறோம்.

5. டவுன் ஹால்

அடுத்து ஓட்டல் ஹால் ஒன்றில், டவுன் ஹால் என்ற பெயரில் கம்பெனிக் கூட்டம். மிச்சமிருந்த ஊழியர்கள் எல்லோரும் வந்திருந்தார்கள். காலை டிபன் பொங்கல், வடை, ஃபில்டர் காபி. கடைசியில் நம்பிக்கை என்ற தலைப்பில் நான் பேச வேண்டும் என்று ஏற்பாடு. செந்திலைக் காணவில்லை.

ரவி மேடையேறினார். குரல் தழுதழுத்தது.

"நம்ம ஃபேமிலில சில பேர் ரொம்ப கஷ்டப்பட்டுட்டீங்க. நான் இந்தியால இருந்தேன். இங்க என்ன நடந்துச்சுன்னு எனக்கு லேட்டாதான் தெரிஞ்சுது. செந்தில் என் தம்பி மாதிரி. ஆனா இந்தக் குடும்பத்தவிட எனக்கு யாரும் பெருசில்ல. இன்னிக்குக் காலைல அவர வெளிய அனுப்பிட்டேன். திங்கக்கிழமைலேர்ந்து வர்க் ஃபிரம் ஹோம் திரும்ப வருது."

முன் வரிசையில் ஒரு பெண் எழுந்து நின்று கைதட்டினாள். கவிதா. செந்தில் டீமில் லீடாக இருந்தவள். ஆட்குறைப்பில் அவள் பெயரும் இருந்ததாகவும், செந்தில்தான் போராடி அதை எடுக்க வைத்ததாகவும் அவரே என்னிடம் சொல்லியிருந்தார். அவளைத் தொடர்ந்து ஹாலே எழுந்தது. எனக்கு உடம்பெல்லாம் எரிந்தது. ஐந்நூறு வருடங்களுக்கு முந்தைய சதுக்கத்தை, ஃபில்டர் காபியோடு, என் கண் முன்னால் நடத்திக் காட்டினார் அந்த மனிதர்.

என்னைக் கூப்பிட்டார்கள். மைக்கைப் பிடித்து ஒன்றே ஒன்று சொன்னேன்.

"நான் எடுக்க வேண்டிய பாடத்த உங்க அண்ணாவே நடத்திட்டாரு. இனிமே எனக்கு இங்க வேலை இல்ல."

பையை எடுத்துக்கொண்டு நடந்தேன். பார்க்கிங்கில் ரவி பின்னாலேயே வந்தார். முகத்தில் கோபமே இல்லை. அதுதான் எனக்கு இன்னும் ஆத்திரமாக இருந்தது.

"என்னக்கா இப்படிப் பண்ணிட்டீங்க? நீங்கதானே சொல்லிக் குடுத்தீங்க."

"நான் சொல்லிக் குடுத்ததுல நீங்க ஸ்கிப் பண்ணது எவ்வளவுன்னு தெரியுமா?"

"ரிசல்ட் பாத்தீங்கல்ல? எல்லாரும் ஹேப்பி."

"செந்தில் பேப்பர்?"

"லாயர் பாத்துப்பாருக்கா. பிசினஸ்னா அப்படித்தான்."

லாயர் எதையும் பார்க்கவில்லை. அந்த விண்ணப்பம் கடைசிவரை போகவே இல்லை என்று பிறகு தெரிந்தது. வேறு கம்பெனி பிடித்து முதலிலிருந்து ஆரம்பிக்க செந்திலுக்குக் காலமும் மிச்சமில்லை. பக்கத்து ஊரான காப்பெலில் அவர்கள் வீட்டைக் காலி செய்தபோது நான் போயிருந்தேன். அட்டைப்பெட்டிகளுக்கு நடுவில் நின்று அவர் மகள் என்னிடம், "ஆன்ட்டி, டூ தே ஹேவ் ஃபர்ஸ்ட் கிரேட் இன் பொள்ளாச்சி?" என்று கேட்டாள். இருக்கிறது என்றேன்.

6. முதலில் எழுந்தவள்

கவிதாவை எங்கே பார்த்தாலும் நாலு கேள்வி நறுக்கென்று கேட்பது என்று வைத்திருந்தேன். அனுமார் கோயிலில், செருப்பு வைக்கும் இடத்தில் மாட்டினாள். நான் வாயைத் திறப்பதற்குள் அவளே ஆரம்பித்தாள்.

"ஆன்ட்டி, நான்தான் ஃபர்ஸ்ட் எழுந்தேன். நீங்க பாத்தீங்க, எனக்குத் தெரியும்."

"உன் வேலையக் காப்பாத்திக் குடுத்தவர் அவர். தெரியும்ல?"

"தெரியும். அதனாலதான் அண்ணா என்னையே பாத்துட்டு இருந்தாரு. நான் செந்தில் ஆளுன்னு அவருக்குத் தெரியும். என் கிரீன் கார்டு ஃபைலும் அவர்கிட்டதானே ஆன்ட்டி இருக்கு? நான் உக்காந்தே இருந்திருந்தா அடுத்தது நான்."

"ரவி சொன்னத நம்பினியா?"

"யாரு நம்பினா? அந்த ஹால்ல ஒருத்தர்கூட நம்பல." செருப்பை மாட்டியபடியே சொன்னாள். "எல்லாருக்கும் தெரியும் ஆன்ட்டி. எல்லார் ஃபைலும் அங்கதான் இருக்கு."

கேட்க வைத்திருந்த கேள்விகளை நான் கேட்கவில்லை. கார் ஓட்டிக்கொண்டு வீடு திரும்பும்போது கோபம் வேறு பக்கம் திரும்பியது. அந்தச் சதுக்கத்தில் நின்ற ஜனங்கள் திருப்தியடைந்தார்கள் என்று இத்தனை வருடங்கள் சொல்லிக்கொடுத்தேனே, அதை எழுதி வைத்தது யார்? இளவரசர்களிடம் வேலைக்கு நின்றவர்கள். கூட்டத்தில் நின்ற ஒருவரையாவது யாராவது போய்க் கேட்டார்களா? இந்த நாட்டுக்கு நான் வந்தது கணவரின் விசாவைப் பிடித்துக்கொண்டு. அவர் மேனேஜர் வீட்டு விருந்துகளில், சிரிப்பே வராத ஜோக்குகளுக்கு நாங்கள் இருவரும் சிரித்திருக்கிறோம். எங்களைப் பார்த்தவர்களும் திருப்தியானவர்கள் என்றுதான் எழுதியிருப்பார்கள்.

ஓய்வு பெறும்வரை மிச்சமிருந்த காலத்தில் அந்தப் பாடத்தை மாற்றி எடுத்தேன். நேசமா, பயமா என்று இளவரசன் தரப்பிலிருந்து கேட்பதைக் கடைசிக்குத் தள்ளிவிட்டேன். அவன் கையில் உங்களுடையது என்ன இருக்கிறது என்று முதலில் கேட்டேன். என் மாணவர்கள் யோசிக்கவே இல்லை. ஷிஃப்ட், இன்ஷூரன்ஸ், ரெஃபரன்ஸ் என்று ஆளுக்கொன்று சொன்னார்கள். வேலைக்குச் சேருகிற இளையவர்களுக்கு நான் சொல்லிக்கொள்வதும் அதுதான். முதலாளி நல்லவரா கெட்டவரா என்று விசாரிக்காதீர்கள். உங்கள் பேப்பர் எந்தக் கட்டத்தில் இருக்கிறது என்று லாயரிடம் நேராகக் கேளுங்கள். எழுத்தில் கேளுங்கள். அண்ணா என்று கூப்பிடச் சொன்னால் இன்னும் சீக்கிரமாகக் கேளுங்கள்.

சென்ற வருடம் கவிதா போன் செய்தாள். அவள் பேப்பர் ரவி கை வைக்க முடியாத கட்டத்துக்குப் போய்விட்டதாம். அன்றைக்கே வேறு கம்பெனிக்குக் கையெழுத்துப் போட்டுவிட்டு, நேரில் போய் ராஜினாமாவைக் கொடுத்திருக்கிறாள்.

"என்ன சொன்ன அவர்கிட்ட?"

"ஒண்ணும் சொல்லல ஆன்ட்டி. 'தேங்க் யூ, ரவி'ன்னேன். அவ்வளவுதான். அவருக்கு முகத்துல ஈயாடல."

நான் சத்தமாகவே சிரித்தேன். பிறகு பொள்ளாச்சிக்குப் போன் போட்டு செந்திலிடமும் சொன்னேன். அவர் சிரிக்கவில்லை. "அண்ணா நல்லா இருக்காருங்களா மேடம்?" என்று கேட்டார்.