அடிக்காமல் விட்ட வரி

அத்தையின் நோட்டில் எல்லா வரிகளின் மேலும் பென்சில் கோடு ஓடுகிறது. கடைசி வரியின் மேல் மட்டும் இல்லை. இத்தனை வருஷம் கழித்தும் அந்த வரி தலை நிமிர்ந்தே நிற்கிறது.

எழுபதுகளில் ஒரு நாள், அப்பாவின் தங்கையான அவள், ஒற்றைப் பெட்டியோடு கணவன் வீட்டைவிட்டு மலையாள ஊரில், வலியசாலைத் தெருவில் இருந்த எங்கள் வீட்டுக்கு வந்தாள். நூலக வேலையை விடச் சொன்னார்கள், விடவில்லை. அவ்வளவுதான் குற்றம். மாலை வகுப்புக்குப் போய் ஜெர்மன் வேறு படித்திருந்தாள். "அது ஆருக்குடி பிரயோஜனம்?" என்று தெருவில் கேட்டால், "எனக்கு" என்பாள்.

அப்போது ஃபிலிம் சொசைட்டிக்கு, நாவல் ஒன்றிலிருந்து எடுத்த ஜெர்மன் ஊமைப்படம் வந்தது. காட்சிகளுக்கு நடுவே வரும் எழுத்து அட்டைகளெல்லாம் ஜெர்மன். யாராவது நின்று மலையாளத்தில் சொல்லவேண்டும். அத்தையைக் கூப்பிட்டார்கள். சனிக்கிழமை மதியம் படத்தை ஒருமுறை ஓடவிட்டு அட்டைகளை எழுதிக்கொண்டாள். அதற்கு அவளுக்கென்று ஒரு முறை இருந்தது. நோட்டில் எங்கள் வீட்டுத் தமிழில் எழுதுவாள். மேடையோரம் நின்று அதை மலையாளமாக்குவாள். சொன்ன வரியை உடனே அடித்துவிடுவாள், இருட்டில் இடம் தவறாமலிருக்க.

அன்று சாயங்காலம் அப்பா சொன்னார்: "நாளைக்கு மத்தியானம் மாப்பிள்ளையாத்துலேர்ந்து வரா. எல்லார் முன்னாடியும் 'என்னை மன்னிச்சுடுங்கோ'ன்னு சொல்லிடு. ஒரு வார்த்தைதானே? இல்லேன்னா இந்த ஆத்துலயும் ஒனக்கு எடமில்லே."

"சரிண்ணா" என்றாள் அத்தை. அவ்வளவு சின்னக் குரலை அவளிடம் நான் கேட்டதே இல்லை.

ஞாயிறு காலை என்னையும் அழைத்துப் போனாள். டார்ச் வெளிச்சத்தில் நோட்டு, காதிடுக்கில் பென்சில். படம், வீட்டைவிட்டு வெளியேறிய ஒருத்தியின் கதை. ரயில், நகரம், மழை, தையல் இயந்திரம். அத்தனையையும் அத்தையின் குரல் நடந்து கடந்தது. கடைசியில் படத்துப் பெண் பழைய வாசலுக்கே திரும்பி வந்து பனியில் மண்டியிடுகிறாள். உதடு அசைகிறது. அட்டை வந்தது.

அத்தை வாய் திறக்கவில்லை.

"டீச்சரே, வாயிக்கூ!" வாசிக்கச் சொல்லிப் பின்வரிசை கத்தியது. "பாட்டரி தீர்ந்நோ?" என்றான் இன்னொருவன். சிரிப்பு. அத்தை டார்ச்சை அணைத்தாள். "எழுதியிட்டுண்டு. ஞான் வாயிக்கில்லா." எழுதியிருக்கிறது, நான் வாசிக்கமாட்டேன். சிரிப்பு நின்றது.

வீட்டுக் கூடத்தில் மாப்பிள்ளை வீட்டார் காபி டம்ளரோடு உட்கார்ந்திருந்தார்கள். அத்தை செருப்பைக் கழற்றாமல் உள்ளே வந்தாள். எங்கள் தெருவில் யாரும் செய்யாத காரியம். "நான் மன்னிப்பு கேக்கப் போறதில்லே. காபி ஆறிடும், குடிங்கோ." பெட்டியை எடுத்தாள். அதே ஊரில், ஸ்ரீவராகத்தில் வாடகைக்கு ஒற்றை அறை. ஓய்வு பெறும்வரை நூலகம். அப்பா திரும்பப் பேச ஆறு வருஷம் ஆயிற்று. அவள் அதற்காகவும் காத்திருக்கவில்லை.

அத்தை இறந்த பிறகு நோட்டு என்னிடம் வந்தது. கடைசிப் பக்கத்தில், சனிக்கிழமை மதியமே, அப்பா வாய் திறப்பதற்கு முன்பே, அந்தக் கடைசி அட்டைக்கு அவள் எழுதிவைத்த தமிழ்: 'என்னை மன்னிச்சுடுங்கோ.' எழுதத் தெரிந்தது அவளுக்கு, சொல்லத்தான் முடியவில்லை.

சொன்ன வரியைத்தான் அடிக்கவேண்டும். என் கையிலும் பென்சில் இருக்கிறது. அடிக்கமாட்டேன்.