கண்ணாடியைக் கழற்றாமல்

நிர்மால்யா குஹா வங்காளப் படங்களில் முப்பது வருடம் டாக்டராக நடித்தவர். ஆபரேஷன் தியேட்டர் கதவைத் திறந்துகொண்டு வருவார், கண்ணாடியைக் கழற்றுவார், "இனிக் கடவுள் கையில்" என்பார். அத்தோடு அவர் வேலை முடிந்தது. அழுகிற பாக்கியம் கதாநாயகனுக்கு. ஷாட்டுக்காகக் காத்திருந்த நேரமெல்லாம் மேக்கப் அறையில் உட்கார்ந்து சிறுகதைகள் எழுதினார். நான்கு தொகுப்புகள் வந்தன.

ஜெர்சி சிட்டியில் எங்களுக்குக் கீழ்வீட்டில் அவரும் அவர் மனைவி வசந்தாமணி ஆன்ட்டியும் இருந்தார்கள். ஆன்ட்டி கல்கத்தாவிலேயே பிறந்து வளர்ந்த தமிழ்ப் பெண். மகள் அனன்யா டெக்சாஸில், காப்பெலில். அங்கே கார் இல்லாமல் பால்கூட வாங்க முடியாது என்று இருவரும் இங்கேயே தங்கிவிட்டார்கள். அங்கிளின் தமிழ் ஆன்ட்டியிடமிருந்து வந்தது. காய்கறி, காப்பி, கோபம், அவ்வளவுக்குத்தான் போதும். அவர் வாயில் வசந்தா எப்போதும் 'பொஷந்தா'.

எழுதியதை முதலில் ஆன்ட்டிக்குத்தான் படித்துக் காட்டுவார். ஆன்ட்டி கீரை ஆய்ந்துகொண்டே கேட்பார்.

"இந்த இடத்துல நடிக்கிறீங்க."

"எங்கே நடிக்கிறேன்? உனக்கு அழுகை வரலையா?"

"கொட்டாவி வருது."

அந்த வரியை அடித்துவிடுவார்.

இங்கே வந்தபின் ஒரு மருத்துவக் கல்லூரியில் அவருக்கு வேலை கிடைத்தது. நோயாளியின் கணவனாக நடிக்கவேண்டும். மாணவர்கள் அவரிடம் கெட்ட செய்தி சொல்லிப் பழகுவார்கள். அவர் அழுவார். பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டு, எப்படிச் சொன்னார்கள் என்று அவர்களிடமே சொல்வார்.

"முப்பது வருஷம் நான் சொன்னேன். இப்போ எனக்குச் சொல்றாங்க. புரமோஷன்!" என்று சிரிப்பார்.

போன மார்ச்சில் ஆன்ட்டிக்கு வயிற்றில் ஆபரேஷன். நான்தான் காரில் கூட்டிப்போனேன். எங்களைத் தேடி வந்த இளம் டாக்டர் அங்கிளைப் பார்த்ததும் ஒரு நொடி நின்றுவிட்டாள். கல்லூரியில் அவரிடம் சொல்லிப் பழகிய மாணவி. "டிஷ்யூவை உடனே நீட்டாதே, அழாதே என்று சொல்வதுபோல் இருக்கும்" என்று அவளுக்கு ஒருமுறை சொல்லியிருந்தாராம். கட்டி பரவிவிட்டது, எடுக்க முடியாமல் தைத்து மூடிவிட்டோம் என்றாள். டிஷ்யூ பெட்டி மேஜைமேல் இருந்தது. அவள் அதைத் தொடவே இல்லை.

அங்கிளுக்கு அழுகை வரவில்லை. "நன்றாகச் சொன்னாய்" என்று ஆங்கிலத்தில் பாராட்டினார். அவள்தான் அழுதாள்.

ஆன்ட்டியிடம் காலையில் தானே வந்து பேசுவதாக அவள் சொன்னாள். அதற்குள் கேட்டால் நான் சொல்லிக்கொள்கிறேன் என்றார் அங்கிள். நடைவழியில் என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"எப்படிச் சொன்னாலும் நடிப்புன்னு கண்டுபிடிச்சிடுவா. இது மட்டும் அப்படி ஆகக் கூடாதுப்பா."

மாலையில் ஆன்ட்டி கண் விழித்தார். உதடு வறண்டிருந்தது.

"டாக்டர் என்ன சொன்னாங்க?"

அங்கிளின் கை தானாகவே கண்ணாடியைக் கழற்றியது.

"முதல்ல அதைப் போடுங்க. போட்டுட்டுச் சொல்லுங்க."

போட்டுக்கொண்டார். வங்காளத்தில் ஏதோ தொடங்கினார். அர்த்தம் புரியாத எனக்கே அது வெள்ளைக் கோட்டு போட்ட குரல் என்று தெரிந்தது. நிறுத்தினார். ஆங்கிலத்தில் ஒரு சொல். அதையும் விட்டார். வங்காளத்தில் சினிமா, ஆங்கிலத்தில் கல்லூரி. தமிழில் அவர் எதையும் நடித்ததில்லை.

"பரவிடுச்சு, பொஷந்தா. எடுக்க முடியல."

கடையில் கத்தரிக்காய் இல்லை என்று வந்து சொல்வதுபோல இருந்தது. ஆன்ட்டி அவரையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு போர்வைக்குள்ளிருந்து கையை நீட்டி அவர் விரலைப் பிடித்துக்கொண்டார்.

"ம். இது நடிப்பு இல்ல."

அப்போதுதான் அங்கிள் அழுதார். சத்தமாக, அசிங்கமாக, மூக்கு ஒழுக.

மே மாதம் ஆன்ட்டி போய்விட்டார். கல்லூரியிலிருந்து கூப்பிட்டார்கள், அங்கிள் போகவில்லை. அனன்யா காப்பெலுக்கு வரச்சொல்கிறாள். புத்தகம் முடியட்டும் என்கிறார். ஆன்ட்டியைப் பற்றிய புத்தகம். சனிக்கிழமைகளில் எனக்குப் படித்துக் காட்டுகிறார். எனக்கு வங்காளத்தில் ஒரு சொல்கூடத் தெரியாது. அது அவருக்கும் தெரியும்.

போன வாரம் படித்துக்கொண்டே வந்தவர், ஓரிடத்தில் குரலைத் தாழ்த்திக் கண்ணாடியைக் கழற்றினார். கழற்றிய கையோடு நிமிர்ந்து சமையலறைப் பக்கம் பார்த்தார். கொஞ்ச நேரம் காத்திருந்தார். என்ன சொல்லவேண்டும் என்று எனக்குத் தெரிந்தது.

அவரே கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, பேனாவைத் தேடி எடுத்து, அந்த வரியை அடித்தார்.