ரூட் அனுமதி மறுக்கப்பட்டது

என் கணவருக்குச் சென்னையில் வேலை. சனிக்கிழமைதான் விழுப்புரத்துக்கு வருவார். மற்ற நாட்களில் என்னைக் கண்காணிக்க என் போனில் ஒரு செயலி போட்டிருந்தார். நான் எங்கே நிற்கிறேன் என்று அவருடைய போனில் ஒரு புள்ளியாகக் காட்டும். பாதுகாப்புக்காம். கட்டிப்போடக் கயிறு மட்டும்தான் பாக்கி.

நான் படித்து அரசு வேலைக்குப் போவது அவருக்குப் பிடிக்கவில்லை. குரூப் ஃபோர் தேர்வு வகுப்புக்குத் திருட்டுத்தனமாகத் திண்டிவனம் போய்வந்தேன். விழுப்புரத்திலேயே வகுப்பு உண்டு. ஆனால் அங்கே எந்தத் தெருவில் திரும்பினாலும் அவருடைய சொந்தக்காரர் ஒருவர் நிற்பார்.

வகுப்பில் ஒரு தோழி, முன்பு செல்போன் கடையில் வேலை பார்த்தவள். அவள்தான் என் போனை ரூட் செய்து தந்தாள். போனின் முழு அதிகாரத்தையும் நம் கைக்கே வாங்கிக்கொள்வதற்கு அந்தப் பெயர். அதற்குப் பிறகு இன்னொரு செயலி, நான் எங்கே போனாலும் வீட்டில் இருப்பதாகவே காட்டியது.

ஒரு வியாழக்கிழமை திண்டிவனத்துக்கு ரயில் ஏறியபின் அந்த இரண்டாவது செயலியைப் பார்த்தேன். ‘ரூட் அனுமதி மறுக்கப்பட்டது’ என்றிருந்தது. செயலியை மூடித் திறந்தேன். அதே வரி. போனையே அணைத்துப் போட்டேன். அதே வரி. வண்டி முண்டியம்பாக்கம் தாண்டியது, என் போன் மேப்பில் புள்ளியும் கூடவே தாண்டியது. வியர்த்த விரலைத் திரை ஏற்கவில்லை. பாழாய்ப்போன போனைத் தூக்கி வெளியே எறியலாம் போல இருந்தது. தோழியை அழைத்தேன்.

“அனுமதி கேட்டு ஒரு கட்டம் வந்திருக்கும்க்கா. பத்து செகண்டுல அமுத்தலன்னா அதுவே வேணாம்னு எடுத்துக்கும். ரூட் லிஸ்ட்ல போயி ஆன் பண்ணுங்க.”

காலையில் கையெல்லாம் இட்லி மாவாக இருந்தபோது திரையில் ஏதோ வந்து போனது நினைவுக்கு வந்தது. பட்டியலில் அந்தச் செயலியைத் தேடிப் பொத்தானைத் தள்ளினேன். புள்ளி ஒரே தாவலில் வீட்டுக்குப் போய் உட்கார்ந்தது. எனக்கு அழுகையே வந்துவிட்டது.

பேரணி ஸ்டேஷனில் வண்டி சிக்னலுக்கு நின்றபோது அவர் அழைத்தார். பெட்டியில் சத்தமில்லை. தைரியமாக எடுத்தேன்.

“எங்க இருக்க?”

“வீட்லதாங்க. துணி மடிச்சிக்கினு இருக்கேன்.”

“ம். போன்லயும் வீட்லன்னுதான் காட்டுது. லீவு போட்டுட்டு இப்பதான் வந்தேன். கூடத்துலதான் உக்காந்துக்கினு இருக்கேன். நீ எந்த ரூம்ல இருக்க?”