மூன்று அடுக்கு கேக்கும் இரண்டு ஷாக் அப்சார்பரும்

ஒரு கேக்கின் மேல் அடுக்கு, கீழ் அடுக்கோடு கோபித்துக்கொண்டு தனிக்குடித்தனம் போன கதையை நான் தெருவில் பாதிப் பேரிடம் சொல்லிச் சிரிக்க வைத்திருக்கிறேன். அக்காவிடம் மட்டும் சொன்னதில்லை. அவள் கையில் எந்நேரமும் ஒரு கத்தியோ கரண்டியோ இருக்கும் என்பது ஒரு காரணம். அன்று கல்யாண ஹாலின் பின்வாசலில் கேக் பெட்டியைத் திறந்தபோது அவள் முகம் போன போக்கைப் பக்கத்தில் நின்று பார்த்தவன் நான் என்பது இன்னொரு காரணம். அதை வெளியே சொல்லிவிடாதீர்கள். தெருவில் எனக்கென்று ஒரு பெயர் இருக்கிறது.

அக்கா முன்பு மருந்துக்கடையில் பில் போட்டுக்கொண்டிருந்தாள். ஒருநாள் வேலையை விட்டுவிட்டு வந்து, யாரோ கழித்துப் போட்ட ஓவன் ஒன்றைச் சமையலறையில் ஏற்றினாள். கேக் செய்து விற்கப் போகிறேன் என்றாள். அப்பா கொஞ்ச நாள் அவளிடம் முகம் கொடுத்துப் பேசவில்லை. அம்மா ஆஸ்பத்திரியில் நர்ஸ். ஷிப்ட் முடிந்து வந்து படுத்தால் வீடே இடிந்தாலும் எழுந்திருக்க மாட்டாள். ஆக, ஆரம்பத்தில் அக்காவுக்குத் துணை நின்றது நான்தான். எப்படியென்றால், நடுவில் குழி விழுந்த கேக், அடி பிடித்த கேக், செங்கல்லோடு போட்டியிட்ட கேக் எல்லாவற்றையும் தின்று தீர்த்தேன். பத்தாவதோடு பள்ளிக்கூடமும் நானும் ஒருவரையொருவர் மன்னித்துப் பிரிந்துவிட்ட நேரம் அது. வேறு வேலையும் இல்லை.

அவளிடம் ஒரு குணம் உண்டு. கேக் கெட்டுப்போனால் அழ மாட்டாள். அதை இரண்டாக வெட்டி, உள்ளே விரலை விட்டு, ஏன் கெட்டது என்று தெரியும்வரை முறைத்துக்கொண்டே இருப்பாள். தெரிந்த பிறகுதான் சாப்பிடப் போவாள்.

அன்று ஹாலிலும் அப்படித்தான். சரிந்த மேல் அடுக்கை நிமிர்த்தி, கிரீமைப் பூசி ஒருவழியாக ஒப்பேற்றினாள். ஹால் மேனேஜர் அதைப் பார்த்துவிட்டார். நல்ல மனிதர், ஆனால் கண் கூர்மை.

"ருசி பிரமாதம்மா. ஆனா மேடையில ருசி தெரியாது, உருவந்தான் தெரியும்" என்றார். "ஞாயித்துக்கெழம ஒரு கல்யாணம். மூணு அடுக்கு. அது முழுசா வந்து சேந்தா இனிமே இந்த ஹாலுக்கு எல்லா கேக்கும் உங்களோடது. வரலன்னா தப்பா எடுத்துக்காதீங்க, நான் வேற ஆள பாத்துக்கறேன்."

வீட்டுக்கு வந்ததும் அக்கா உள்ளே போகவில்லை. கேக்கை ஏற்றிப் போன காரின் பின்பக்கத்தை இரண்டு கையாலும் அமுக்கி விட்டாள். அது மேலே வந்தது, கீழே போனது, மறுபடி மேலே வந்தது, போனது. தொட்டிலில் பிள்ளையைப் போட்டு ஆட்டியது போல. தரையில் மல்லாக்கப் படுத்து, போன் வெளிச்சத்தில் அடியில் பார்த்தாள். பின்சக்கரங்களுக்குப் பக்கத்தில் ஆளுக்கொன்றாக நிற்கும் ஷாக் அப்சார்பர் இரண்டும் எண்ணெய் கசிந்து, அதன்மேல் புழுதி அப்பி, வறுத்த மீன் மாதிரி இருந்தன. ஸ்பிரிங் குதிக்கிற குதியை அடக்கி வைப்பதுதான் அவற்றின் வேலை. இரண்டும் வேலையை விட்டு எப்போதோ ரிட்டயர் ஆகியிருந்தன.

ரிட்டயர் ஆன இன்னொருவர் நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். அப்பா பஸ் ஓட்டியவர். கார் அவருடையது.

"வண்டிக்கு ஒண்ணும் இல்ல" என்றார். "ரோடுதான் சரியில்ல."

"அப்பா, ஷாக் போயிடுச்சு. எண்ணெ ஒழுகுது பாருங்க."

"எனக்கும்தான் மூக்கு ஒழுகுது. அதுக்காக மாத்திடுவியா?"

ஒர்க்‌ஷாப்காரர் வண்டியை விட்டுவிட்டுப் போங்கள், அடுத்த வாரம் பார்க்கலாம் என்றார். அடுத்த வாரம்வரை கல்யாணம் காத்திருக்காது. வாடகை வண்டிக்காரர்கள் கேக் பெட்டியைக் கண்டாலே சீட்டில் கிரீம் ஒட்டும் என்று கதவைச் சாத்துவார்கள். அந்த உயரத்துக்கு இடம் தருவதும் பின்சீட்டை மடக்கிய எங்கள் கார் ஒன்றுதான். அக்கா உதிரிபாகக் கடைக்குப் போய் ஒரு ஜோடி ஷாக் அப்சார்பரை வாங்கி வந்து, சாப்பாட்டு மேசையில் வைத்தாள்.

"யாரு மாட்டப் போறா?" என்று கேட்டார் அப்பா.

"நான்தான்."

அப்பா பேப்பரை விரித்து முகத்தை மூடிக்கொண்டார். பஸ்காரர்கள் ஹாரன் அடிக்க முடியாத இடத்தில் செய்வது அது.

சனிக்கிழமை காலை கேக்கின் மூன்று அடுக்குகளும் வெந்து ஆறி பிரிட்ஜில் இருந்தன. வாசலில் கார். முன்சக்கரத்துக்கு முன்னும் பின்னும் செங்கல் வைத்தாள். சக்கரத்தின் நட்டுகளைத் தரையில் இருக்கும்போதே கொஞ்சம் தளர்த்திவிட்டு, ஜாக்கி போட்டுப் பின்பக்கத்தைத் தூக்கி, இரண்டு பக்கமும் இரும்பு ஸ்டாண்டு கொடுத்தாள். ஸ்டாண்டைக் காலால் உதைத்துப் பார்த்தாள். அப்புறம் வண்டியையே தோளால் இடித்துப் பார்த்தாள்.

"நீ உள்ள போயி படு, நான் இடிச்சுப் பாக்கறேன்" என்றேன்.

"உன்ன உள்ள தள்ளி நான் இடிக்கறேன் வா, எருமை."

கழற்றுகிற ஒவ்வொரு நட்டும் வாஷரும் பட்டர் பேப்பர் விரித்த பேக்கிங் தட்டில், வந்த வரிசையிலேயே போய் உட்கார்ந்தன. எதிர்வீட்டுக்காரர் எட்டிப் பார்த்துவிட்டு, "பிஸ்கட்டாம்மா?" என்றார்.

"ஆமாண்ணே, இரும்புச் சத்து" என்றேன் நான்.

பழைய ஷாக் அப்சார்பரின் மேல்முனை டிக்கியில் பாய்க்கு அடியில் இருந்தது. நட்டைத் திருகினால் நடுவில் இருக்கும் கம்பியும் சேர்ந்து சுற்றியது. நாள் முழுக்கத் திருகினாலும் வராது. அக்கா கொஞ்ச நேரம் முறைத்தாள். பிறகு ஒரு ஸ்பேனரால் கம்பியின் தலையை அசையாமல் பிடித்துக்கொண்டு, இன்னொன்றால் நட்டை மட்டும் திருகினாள். வந்துவிட்டது.

"கிரீம் பூசறப்ப கேக்கு சுத்தும், கத்தி சும்மா நிக்கும்ல, அதே கததான்" என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள்.

கீழ்முனை போல்ட்டு அப்படி இல்லை. துருவேறிப் போயிருந்தது. பேப்பருக்குப் பின்னாலிருந்து, "வராது" என்று குரல் வந்தது. அக்கா அதன்மேல் துரு இளக்கும் எண்ணெயை அடித்துவிட்டு, கையைத் தேய்த்துத் தேய்த்துக் கழுவி, சமையலறைக்குப் போய் நடு அடுக்குக்குக் கிரீம் பூசிவிட்டு வந்தாள். மறுபடி எண்ணெய். மறுபடி கைகழுவல். கடைசியில் ஸ்பேனரின் பிடியில் ஒரு நீளமான இரும்புக் குழாயைச் செருகி, அதன்மேல் ஏறி நின்றாள். போல்ட்டு 'டக்' என்று சத்தம் போட்டு விட்டுக்கொடுத்தது. பேப்பர் கொஞ்சம் தாழ்ந்து, மறுபடி உயர்ந்தது. அது காலையிலிருந்து ஒரே பக்கத்தில்தான் இருந்தது.

புது ஷாக் அப்சார்பரை நிமிர்த்திப் பிடித்து, அமுக்கி இழுத்து, அமுக்கி இழுத்து, உள்ளே இருக்கும் காற்றை வெளியேற்றினாள். கிரீம் பையில் காற்று நின்றால் பூ பாதியில் புஸ்ஸென்று போகும், அதனால் இது அவளுக்குத் தெரிந்த சங்கதி. ஆனால் அடுத்து அவள் செய்ததை உலகத்தில் எந்த மெக்கானிக்கும் செய்திருக்க மாட்டான்.

மேல்முனையில் கெட்டியான ரப்பர் வளையம் ஒன்று வர வேண்டும். அது கம்பியில் இறங்கச் சண்டித்தனம் செய்தது. அக்கா யோசிக்கவே இல்லை. என்னைக் கூப்பிட்டு வெண்ணெய் கொண்டுவரச் சொன்னாள். விரலால் ரப்பர் முழுக்க, உள்ளேயும் வெளியேயும், கேக் டின்னுக்குப் பூசுவது போல அழகாகப் பூசினாள். வளையம் வழுக்கிக்கொண்டு இறங்கியது. வாஷரை வைத்து நட்டை முறுக்கினாள். முறுக்க முறுக்க, ரப்பர் ஒரு பக்கமாக நழுவி, கிரீம் பிஸ்கட்டை அழுத்தினால் கிரீம் வருமே, அப்படி வாஷருக்கு வெளியே நாக்கை நீட்டியது.

எனக்குச் சிரிப்பு தாங்கவில்லை. "அப்படியே மேல ஒரு செர்ரி வெச்சிடுக்கா."

அவள் சிரிக்கவில்லை. முறைத்தாள், ரப்பரை. பிறகு நட்டைக் கழற்றத் தொடங்கினாள்.

"வெண்ணெ பூசறது டின்ன விட்டு கேக்கு வெளிய வரணும்னு" என்றாள். "இது வெளிய வரக்கூடாது. புடிச்சு நிக்கணும். நான் ஒரு லூசு."

பாத்திரம் கழுவும் சோப்பில் கழுவி, பொட்டு ஈரம் இல்லாமல் துடைத்து, வெறும் ரப்பராக மறுபடி மாட்டினாள். இந்த முறை அது அசையாமல் உட்கார்ந்தது. இன்னொரு பக்கத்தில் எல்லாம் மளமளவென்று நடந்தது. சக்கரங்களை மாட்டித் தரையில் இறக்கி, வண்டியின் பாரம் முழுக்க உட்கார்ந்த பிறகுதான் கீழ்போல்ட்டுகளைக் கடைசியாக இறுக்கினாள்.

"ஓட்டிப் பாக்கணும்" என்றாள். "டிக்கியில தண்ணி வெச்சு."

மாவு கலக்கும் பெரிய பாத்திரத்தில் விளிம்பிலிருந்து இரண்டு விரல் கீழே தண்ணீர் நிரப்பி டிக்கியில் வைத்தாள். பாத்திரத்துக்குக் காவலாக என்னைச் சுருட்டி உள்ளே வைத்தாள். ஓட்டுவதற்குச் சாவியை எடுத்தபோது, பேப்பர் மடிந்தது.

"என் வண்டிய நான்தான் ஓட்டுவேன்" என்றார் அப்பா.

அக்கா வாசல் கேட் பக்கத்திலேயே நின்றுவிட்டாள். அப்பா நேராக ஓட்டிக்கொண்டு போனது, போன தடவை கேக்கைச் சாய்த்த அதே ஸ்பீடு பிரேக்கருக்கு. ஏறி இறங்கினார். வண்டி ஒரு தடவை பணிந்து எழுந்து, அத்தோடு நின்றது. தண்ணீர் விளிம்புவரை வந்து எட்டிப் பார்த்துவிட்டுத் திரும்பிப் போனது. பள்ளத்திலும் அதே. ஒரு சொட்டு சிந்தவில்லை.

இவ்வளவு நல்ல சேதியை அப்படியே கொண்டுபோய்க் கொடுக்க எனக்கு மனசு வரவில்லை. எங்கள் தெருவில் திரும்பும்போது பாதித் தண்ணீரை என் சட்டையில் ஊற்றிக்கொண்டேன். வீட்டு வாசலில் டிக்கி திறந்ததும், நனைந்த கோழி மாதிரி இறங்கி, தலையைத் தொங்கப் போட்டேன்.

அக்கா என்னைப் பார்த்தாள். பாத்திரத்தைப் பார்த்தாள். படியில் உட்கார்ந்தாள். அப்பா இறங்கி வந்து பார்த்தார். 'நான் அப்பவே சொன்னேன்' என்பார் என்று நான் காத்திருந்தேன்.

அவர் தொண்டையைச் செருமினார். "ரோடு ரொம்ப மோசம் பாப்பா" என்றார். "எந்த வண்டியா இருந்தாலும் ஆடத்தான் செய்யும். நீ ஒண்ணும் தப்பா மாட்டல."

நான் வருஷக்கணக்காகக் கேட்டுச் சலித்த அதே வசனம். ஆனால் அதை இப்படி, இவ்வளவு மெதுவாக அவர் சொல்லிக் கேட்டதில்லை.

அக்கா எழுந்து தட்டிலிருந்து ஸ்பேனரை எடுத்தாள். "எந்தப் பக்கம்னு பாக்கணும். ரெண்டையும் திரும்பக் கழட்டறேன்." அவள் கைமுட்டிகள் தோல் உரிந்திருந்தன. நகத்துக்குள் கறுப்பு. மேல் அடுக்குக்கு இன்னும் கிரீம் பூசவில்லை.

என் குறும்புகளில் நானே பாதியில் கலைத்தது அது ஒன்றுதான்.

"அக்கா, நில்லு. நானே ஊத்திக்கிட்டது. ஒரு சொட்டு சிந்தல, சத்தியமா. அந்த ஸ்பீடு பிரேக்கர் செத்தே போச்சு."

அவள் என்னைப் பார்த்துக்கொண்டே நின்றாள். ஸ்பேனரைத் தட்டில் வரிசை கலையாமல் வைத்தாள். பாத்திரத்தை எடுத்தாள். மிச்சத் தண்ணீர் முழுவதும் என் தலையில் வந்தது. எனக்கு அது நியாயமாகத்தான் பட்டது.

அப்பா எங்கள் இரண்டு பேரையும் விட்டுவிட்டு, காரின் பின்பக்கத்தை ஒரு கையால் அமுக்கி விட்டார். வண்டி எழுந்தது, நின்றது. "ம்" என்றார்.

மறுநாள் கேக் பெட்டியோடு டிக்கியில் நான்தான். இரண்டு கையையும் பெட்டிக்கு ஒரு விரல் தள்ளி விரித்து வைத்திருந்தேன். தொடவில்லை, தேவைப்படவில்லை. அக்கா முன்சீட்டில், நகத்துக் கறுப்பு தெரியாமல் கையுறை போட்டுக்கொண்டு, திரும்பிப் பார்க்காமல் உட்கார்ந்திருந்தாள். ஸ்பீடு பிரேக்கர் வந்தபோது மட்டும் அவள் கழுத்து விறைத்தது. அப்புறம் தளர்ந்தது.

ஹால் மேனேஜர் பெட்டியைத் திறந்தார். மூன்று அடுக்கும் முதல்நாள் பள்ளிக்கூடம் வந்த பிள்ளைகள் மாதிரி நெட்டுக்குத்தாக நின்றன. மேலே வைத்த சர்க்கரைப் பூவில் ஓர் இதழ்கூட உதிரவில்லை. அவர் அதை ஒரு சுற்றுச் சுற்றி வந்தார்.

"மேடைக்குக் கொண்டு போங்கப்பா" என்று ஆட்களிடம் சொன்னார். அக்காவிடம் திரும்பி, "அடுத்த மாசம் வரிசையா தேதி இருக்கு. நாளைக்கு வந்து பேசுங்க. இனிமே நான் வேற யாரையும் கூப்பிடல" என்றார்.

அக்கா தலையை ஆட்டினாள். கையுறையைக் கழற்ற மறந்துபோய் அப்படியே வெளியே வந்தாள். வாசலில் அப்பாவும் வாட்ச்மேனும் காருக்குப் பின்னால் நின்றிருந்தார்கள்.

"அமுக்குங்க. பயப்படாம நல்லா அமுக்குங்க" என்று சொல்லிக்கொண்டிருந்தார் அப்பா. வாட்ச்மேன் அமுக்கினார். "பாத்தீங்களா? ஒரே தடவ. அப்புறம் அசையுதா? ஒர்க்‌ஷாப்புல குடுக்கல. எங்க பொண்ணு மாட்டினது. ஒத்த ஆளா."

"மெக்கானிக்குங்களா?"

"இல்லல்ல, கேக்கு போடுறா. உள்ள மேடையில நிக்குது பாருங்க மூணு அடுக்கு, அதுவும் அவ போட்டதுதான்."

அக்கா என் கையைப் பிடித்து நிறுத்தினாள். அவர் சொல்லி முடிக்கும்வரை நாங்கள் தூணுக்குப் பின்னால் நின்றோம். அவர் இரண்டாவது தடவையும் முதலிலிருந்து சொன்னார், தோட்டக்காரருக்கு.

திரும்பும்போது அப்பா அந்த ஸ்பீடு பிரேக்கரில் ஏறி இறங்கினார்.

"ரோடு இப்ப கொஞ்சம் தேவலாம், இல்ல?" என்றார்.

அக்கா ஜன்னல் பக்கமாகத் திரும்பிக்கொண்டாள். கண்ணாடியில் அவள் சிரிப்பது எனக்குத் தெரிந்தது.

"ஆமாப்பா" என்றாள். "புதுசா போட்டிருக்காங்க போல."