அந்தியேட்டி மலரில் யப்பான்

தங்கச்சி இறந்து நான்காம் நாள் மரணச் சான்றிதழ் என் கையில் இருந்தது. பிரதேச செயலகத்தில் வேலை செய்தே முடி நரைத்தவனுக்கு எந்த மேசைக்கு முதலில் போகவேண்டும் என்று தெரியும். மற்றவர்கள் அழுதுகொண்டிருந்த நேரத்தில் நான் பிரதிகளுக்கு முத்திரை குத்தி வாங்கிக்கொண்டிருந்தேன். ஆறுதலாக இருந்தது என்று சொல்லமாட்டேன். வேலை நடந்தது.

அவள் வேலணையில் வரலாறு படிப்பித்தவள். ஆசிரியர்களுக்கான புலமைப்பரிசில் ஒன்றில் இரண்டு வருடம் யப்பானில் இருந்துவிட்டு, ஒரு பெட்டி புத்தகத்துடனும் அந்த மொழியுடனும் திரும்பி வந்தாள். பிறகு இருபது வருடம், கலியாணமும் கட்டாமல், என் வீட்டு முன்னறையில் இருந்து ஒரே ஒரு கட்டுரையை எழுதினாள். நவீன யப்பானின் பௌத்த சிந்தனையாளர்களும் அவர்களுடைய சர்வதேசியமும் என்பது விஷயம். இரண்டு சஞ்சிகைகளுக்கு அனுப்பினாள். ஒன்று நீளம் அதிகம் என்றது. மற்றது பதில் போடவில்லை.

ஆகவே அவளுக்கு மிஞ்சிய ஒரே பதிப்பகம் அவளுடைய அந்தியேட்டிதான். எங்கள் பக்கத்தில் இறந்து முப்பத்தோராம் நாள் செய்யும் அந்தச் சடங்கில் சாப்பாட்டுடன் ஒரு நினைவு மலர் கொடுப்பார்கள். படம், வம்சாவளி, பதிகங்கள், நன்றி. இடையில் படிப்பான விஷயம் ஏதாவது போடுவதும் உண்டு. நீரிழிவுக்காரருக்கான உணவுமுறை போட்ட மலர் ஒன்று என்னிடம் இருக்கிறது. செத்தவருக்கும் அந்த நோய்தான்.

கனடாவில் இருந்து அண்ணை தொலைபேசியில் கத்தினார்.

"உனக்கென்னடா விசரோ? செத்தவீட்டு மலரில யப்பான்காரன்ர கதையோ?"

"அவள் எழுதினது, அண்ணை."

"என்னவும் போடு. பதிகம் ஒண்டும் குறையக்கூடாது. சொல்லிப்போட்டன்."

பதிகம் குறையவில்லை. அச்சகக்காரர் விரலை நனைத்துப் பக்கங்களை எண்ணினார். "ஐயா, அஞ்சு பக்கம் கூடிப்போச்சு. இப்பிடியே அடிச்சா முப்பத்தொண்டுக்குத் தர ஏலாது."

"எதை வெட்டுறது?"

"அது ஐயாதான் சொல்லவேணும். கடைசியில வெட்டினா ஆருக்கும் தெரியாது."

கடைசி ஐந்து பக்கத்தையும் வெட்டினேன். அவற்றில் என்ன இருந்தது என்று எனக்குத் தெரியும். முற்பகுதியில் அந்தத் துறவிகள் கப்பலேறி உலக சமய மாநாடுகளுக்குப் போகிறார்கள். கொழும்பில் இறங்கிப் பாளி படிக்கிறார்கள். எல்லாத் தேசங்களும் ஒரு குடும்பம் என்று எழுதுகிறார்கள். கடைசிப் பகுதியில் அவர்களில் சிலர், அதே சொற்களை வைத்துக்கொண்டே, அந்தக் குடும்பத்தை ஒரு கூரைக்குக் கீழ் கொண்டுவரப் போகும் யப்பானின் போருக்கு ஆசி வழங்குகிறார்கள். இந்தப் பகுதிக்காகத்தான் அவள் முற்பகுதியை எழுதினாள். இருபது வருடம் சாப்பாட்டு மேசையில் கேட்டிருக்கிறேன்.

பக்கம் போதவில்லை என்பது காரணம். நயினாதீவு விகாரைக்குச் சிங்கள யாத்திரிகரை ஏற்றிப் போகிற பேருந்துகள் எங்கள் வாசலால் போகின்றன, சந்தியில் கடற்படை நிற்கிறது, பௌத்தமும் போரும் என்று அச்சடித்து ஊருக்குக் கொடுப்பானேன் என்பது கோப்பில் எழுதாத காரணம்.

அந்தியேட்டி அன்றைக்கு வந்த சனம் சாப்பிட்டுவிட்டு மலரால் விசிறிக்கொண்டது. போகும்போது சுருட்டிப் பைக்குள் வைத்தது.

ஒரு கிழமை கழித்து அல்லைப்பிட்டியில் இருந்து ஒரு ரீச்சர் வந்தா. தங்கச்சியுடன் ஒரே பள்ளிக்கூடத்தில் படிப்பித்தவ. கதிரையில் இருக்க முதலே மலரை விரித்தா.

"அண்ணை, இது அவ எழுதினதில்லை."

"அவ எழுதினதுதான், ரீச்சர்."

"இதில துறவிமார் எல்லாரும் தங்கமான மனிசர். அவ எனக்குச் சொன்னது வேற. மிச்சம் எங்க?"

"பக்கம் காணாதெண்டு வெட்டினது."

"வாசிச்சுப்போட்டோ வெட்டினனீங்கள்?"

"ஓம்."

அலுமாரியைத் திறந்து ஐந்து தாள்களையும் கொடுத்தேன். அங்கேயே இருந்து, கண்ணாடியைத் துடைத்துத் துடைத்து, முழுக்க வாசித்தா.

"எத்தினை பேருக்கு அந்த மலரைக் குடுத்தனீங்கள்?"

"முந்நூறு. கவலைப்படாதையுங்கோ ரீச்சர், ஆரும் வாசிக்கேல்லை."

"நான் வாசிச்சனான்."

தாள்களை மடித்துக் கைப்பைக்குள் வைத்துக்கொண்டு எழும்பினா. அவை மூலப்பிரதி. என்னிடம் வேறு பிரதி கிடையாது. நான் திருப்பிக் கேட்கவில்லை.