விதியில் இல்லாத குழி

மழை கொட்டும்போது குடை பிடித்துக்கொண்டு குழாய்த் தண்ணீருக்குக் காத்திருப்பது போர்ட் பிளேரில் எனக்கு இன்னும் பழகவில்லை. ஊரின் டாலிகஞ்ச் பகுதியில் எங்கள் சந்து சரிவில் இருக்கிறது. தண்ணீர் ஒருநாள் விட்டு ஒருநாள் வரும். சற்று நேரத்தில் நின்றுவிடும். குழாயில் மோட்டார் மாட்டக் கூடாது என்பது விதி. ஆச்சரியம், எங்கள் சந்தில் யாரும் மாட்டவும் இல்லை. இடுப்புயரக் குழாயில் நூலாக வடிவதைப் பிடித்துக்கொண்டு, கதை பேசிவிட்டுப் போகிறார்கள்.

நான் விருதுநகர்க்காரன். எங்கள் தெருவில் தண்ணீர் கூடுதலாக வர ஒருவர் குழி தோண்டிக் குழாயை இறக்குவார். அடுத்த வீட்டுக்காரர் அதைவிட ஒரு சாண் ஆழமாக இறக்குவார். கடைசியில் எல்லோரும் படி வைத்து இறங்கித் தண்ணீர் பிடித்தோம். எந்த விதியையும் மீறவில்லை என்ற நிம்மதி மட்டும் குறையவில்லை. ஒரு விதியைப் படித்தால், அது எதைத் தடுக்கிறது என்று எனக்குத் தோன்றாது. எதைச் சொல்ல மறந்தது என்றுதான் தோன்றும். எனக்குத் தாகம் தீர்வது தண்ணீரால் அல்ல, அந்த மறதியைக் கண்டுபிடிப்பதால்.

ஆகவே வீட்டுக்காரரிடம் அனுமதி வாங்கி, ரசமட்டம் வைத்து ஒரு குழி வெட்டி, மூலை பிசகாமல் சிமென்ட் பூசி, குழாயை அதில் இறக்கினேன். தண்ணீர் அருவியாக விழுந்தது. சரிவில் எங்களுக்கு மேலே இருக்கும் வீட்டுக் குழாய் காற்றை மட்டும் ஊதியது. அங்கே பெங்காலிக்காரரான மித்ரா தீதியின் மகள் பிரசவமாகி, கைக்குழந்தையோடு வந்திருந்தாள். அவர்கள் கொடியில் துவைத்த துணி ஒன்றுகூடத் தொங்கவில்லை என்று கவனித்தது என் மனைவிதான்.

"பச்சப்புள்ள இருக்கிற வீடுங்க."

"நான் என்ன மோட்டாரா போட்டேன்?"

"அந்தப் புள்ளகிட்டப் போயி இந்த விளக்கத்தைச் சொல்லுங்க."

அடுத்த முறை தண்ணீர் வந்தபோது தீதி வாளியோடு இறங்கி வந்தார். சண்டைக்குத்தான் என்று நினைத்து, தடை மோட்டாருக்கு, குழிக்கு அல்ல என்று என் ஆபீஸ் இந்தியில் விளக்கினேன். அவர் முகம் மலர்ந்துவிட்டது.

"அரே, ஸுனோ! பாய்சாப் நே ஸப் கே லியே கட்டா பனாயா!"

எல்லோருக்குமாக நான் குழி வெட்டியிருக்கிறேனாம். இவ்வளவு சிரத்தையாக ஒருவன் தனக்கு மட்டும் வெட்டிக்கொள்வான் என்று அவருக்குத் தோன்றவே இல்லை. நான் மறுக்க இந்தியில் வாக்கியம் கூட்டுவதற்குள் சந்து முழுக்க வாளிகளோடு வந்துவிட்டது.

குழியில் ஒருவர்தான் நிற்க முடியும். வெட்டிய மரியாதைக்கு என்னையே இறக்கிவிட்டார்கள். முதல் வாளி கைக்குழந்தை வீட்டுக்கு. எங்கள் முறை வருவதற்குள் பெரும்பாலும் தண்ணீர் நின்றுவிடுகிறது. இதிலிருந்து நழுவ ஓர் ஓட்டை தேடிப் பார்த்தேன். யாரும் விதி போடவில்லையே, ஓட்டை எங்கிருந்து கிடைக்கும்?

நேற்று தோளளவு குழிக்குள் நிற்கும்போது ஊரிலிருந்து தம்பி கூப்பிட்டான். போனைக் கழுத்தில் இடுக்கிக்கொண்டேன்.

"அண்ணே, பக்கத்து வீட்டுல குழாயை இன்னும் இறக்கிட்டாங்க. நாமளும் ஒரு முழம் இறக்கிருவமா?"

மேலேயிருந்து தீதி, "பாய்சாப், ஜல்தி!" என்றார்.

"இறக்குடா" என்று தம்பியிடம் சொல்லிக்கொண்டே, நிறைந்த வாளியை இரண்டு கையாலும் மேலே தூக்கிக் கொடுத்தேன்.