பல்லில் கடித்த பேச்சு

போன வாரம் பொன்னேரியில் பல் டாக்டரிடம் போயிருந்தேன். கடைவாயைச் சுற்றிப் பஞ்சை அடைத்துவிட்டு, "வலிச்சா கையத் தூக்குங்கம்மா, பேச வேணாம்" என்றார். நான் கையைத் தூக்கவில்லை. "வலது பக்கம் இன்னும் மரத்துப் போவல, டாக்டர்" என்று முழு வாக்கியமாகவே சொன்னேன். ஊசியும் கையுமாக அப்படியே நின்றுவிட்டார். "இவ்ளோ பஞ்ச வச்சிகினு எப்படிம்மா பேசுறீங்க?" அதுதான் என் பிழைப்பாக இருந்தது என்று சொல்லியிருக்கலாம். சொன்னால் உடனே ஒரு கார்ட்டூன் பேசிக் காட்டச் சொல்வார்கள். பல் பிடுங்கும் நேரத்தில் எதற்கென்று விட்டுவிட்டேன்.

பழவேற்காடு ஏரியில் கையால் தடவி இறால் பிடிப்பவர்களுக்கு இரண்டு கையும் தண்ணீருக்குள் இருக்கும். பிடித்ததைப் போடும் ஓலைப் பறி பல்லில் தொங்கும். எங்கள் ஊர் பசியாவரத்தில் என் அம்மா, தலை மட்டும் வெளியே தெரிய, பறியைக் கடித்துக்கொண்டே பக்கத்துப் பெண்களோடு நாளெல்லாம் பேசுவாள். உதடு ஒட்டாது. சொல்லெல்லாம் தொண்டையிலிருந்தும் மூக்கிலிருந்தும் வரும். மாமியார் கதை, கல்யாணக் கதை எதுவும் மிச்சமிருக்காது. கரையில் நிற்கும் எனக்கு ஒரு சொல் தப்பாது.

சந்தையில் யாரோ அப்படிப் பேசிக் காட்டிச் சிரித்ததை அம்மா மறக்கவேயில்லை. வீட்டில் நான் விளையாட்டுக்குப் பேசினாலும் முதுகில் ஒன்று விழும். "அது எங்களோட போவட்டும். நீ வாயத் தொறந்து பேசுற வேலைக்குப் போ" என்பாள். நைனா இதிலெல்லாம் தலையிட மாட்டார்.

முதலில் கிடைத்தது வாயைத் திறக்கும் வேலைதான். சென்னையில் டிவி தொடர்களுக்கு டப்பிங், அதுவும் கூட்டத்தில் ஒரு குரல். காலையில் கல்யாண வீட்டில் சிரிப்பு, மதியம் சாவு வீட்டில் அழுகை. நடுவில் எங்கள் ஊர்ப் பேச்சு நுழைந்துவிடாமல் காவல் காத்ததிலேயே பாதி உயிர் போயிற்று.

அப்புறம் ஒரு கார்ட்டூன் வந்தது. கன்னம் நிறையக் கொட்டையை அடக்கிக்கொண்டு ஓயாமல் பேசும் அணில். வந்திருந்த பெண்கள் வாயில் பிஸ்கட்டை வைத்துப் பேசிப் பார்த்தார்கள். மைக்கெல்லாம் தூள். என் முறை வந்தபோது பிஸ்கட் வேண்டாமென்றேன். பல்லைக் கடித்தேன், அம்மா வந்துவிட்டாள். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் டப்பிங் இன்சார்ஜ் எழுந்து நின்று, "இத விட்டுடாதம்மா" என்றார்.

விடவில்லை. ஆறு வருடம் அணிலாக இருந்தேன். வீட்டில் மட்டும் மூச்சு விடவில்லை. சந்தையில் சிரித்தவர்களோடு நானும் சேர்ந்துவிட்டேன் என்று அம்மா நினைத்துவிடுவாளோ என்று பயம். ஊருக்குப் போனால் முதல் வேலையாக டிவியை அணைப்பேன்.

அடுத்த வீட்டு டிவியை நான் எப்படி அணைப்பது? ஒரு ஞாயிற்றுக்கிழமை அங்கே அணில் ஓடிக்கொண்டிருந்தது. நண்டு கழுவிக்கொண்டிருந்த அம்மா, கையை உதறிக்கொண்டு போய் அவர்கள் வாசலில் நின்று முழுதும் பார்த்தாள். திரும்பி வந்து நண்டின் முன்னால் உட்கார்ந்தாள்.

"அது நீதான?"

"ஆமாம்மா."

"யாரப் பாத்து அப்படிப் பேசுற?"

"உன்னத்தான்."

அவள் இன்னும் இரண்டு நண்டைக் கழுவிச் சட்டியில் போட்டாள். முதுகில் ஒன்று விழுந்திருந்தால் தேவலை என்றிருந்தது.

"நல்லாதான் பேசுற" என்றாள். "ஆனா உன் பறி காலி. ஒரு எறாகூட இல்ல. நெறஞ்ச பறி தாடைய இழுக்கும்டி. பேச்சு மெதுவா வரும்."

அடுத்த வாரத்திலிருந்து அணிலின் பேச்சில் கொஞ்சம் பாரம் ஏறிற்று. இன்சார்ஜ் காரணம் கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை. அம்மா அதற்குப் பிறகு ஞாயிறு காலையில் ஏரிக்குப் போகாமல் டிவி முன் உட்கார்ந்தாள் என்று நைனா சொன்னார். அதைக் கேட்டு நான் அழுதேன்.

அந்தத் தொடர் நின்று பல வருடமாகிறது. அம்மா போய் இரண்டு வருடம். அவள் குரல் என் செல்போனில் நிறைய இருக்கிறது. சாப்டியா, எப்போ வர்ற, நைனாவுக்கு மாத்திர வாங்கியா. எல்லாம் கரையில், வாயைத் திறந்து பேசியவை. ஏரிக்குள் நின்று பேசியதை யாரும் பதிந்து வைக்கவில்லை. குரலை விற்றே சாப்பிட்ட எனக்கும் தோன்றவில்லை.

ஒரு மத்தியானம் கதவைச் சாத்திக்கொண்டு, பல்லைக் கடித்து, அவள் சொன்ன பாரத்தைத் தாடையில் ஏற்றி, "இன்னாடி, எப்போ வந்த?" என்று அவளைப் போலவே கேட்டுப் பார்த்தேன்.

வந்தது அணில்தான்.